நூ மெட்டல் என்றால் என்ன? கோர்னின் முதல் ஆல்பத்தை வைத்து ஒரு அறிமுகம்

நூ மெட்டல் என்றால் என்ன என்று கேட்டால் பெரும்பாலும் ஒரே பதில்தான் வரும்: மெட்டலோடு ராப்பைக் கலந்தால் நூ மெட்டல். லிங்கின் பார்க் என்ற குழு வழியாக இந்த இசைக்குள் வந்தவர்களுக்கு இந்தப் பதில் சரியாகவே படும். ஒருவர் பாடுகிறார், இன்னொருவர் ராப் செய்கிறார், பின்னால் ஒரு டிஜே இசைத்தட்டைத் தேய்க்கிறார், கிட்டார் உறுமுகிறது. ஆனால் இந்த வகையைத் தொடங்கி வைத்ததாகப் பெரும்பாலோர் ஒப்புக்கொள்ளும் ஆல்பத்தைப் போட்டுக் கேட்டால் அந்த விளக்கம் நிற்காது. அதில் டிஜே கிடையாது. ராப் என்று சொல்லத்தக்கதும் மிகக் குறைவு. அப்புறம் எதை வைத்து அதை நூ மெட்டல் என்கிறார்கள்?

அந்த ஆல்பம், கோர்ன் என்ற கலிஃபோர்னிய இசைக்குழுவின் முதல் ஸ்டுடியோ ஆல்பம். அதன் பெயரும் கோர்ன்தான். 1994 அக்டோபர் 11 அன்று இம்மார்ட்டல், எபிக் நிறுவனங்கள் வழியாக வெளிவந்தது. பன்னிரண்டு பாட்டு, ஒரு மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேலே ஓடும். 'முதல் ஸ்டுடியோ ஆல்பம்' என்று குறிப்பாகச் சொல்வதற்குக் காரணம் உண்டு. இதற்கு முந்தைய வருடம் இவர்கள் நைடர்மேயர்ஸ் மைண்ட் என்ற பெயரில் ஒரு டெமோ பதிவு செய்திருந்தார்கள். டெமோ என்பது இசை நிறுவனங்களிடமும் நண்பர்களிடமும் கொடுத்து 'நாங்கள் இப்படித்தான் வாசிப்போம்' என்று காட்ட எடுக்கும் மாதிரிப் பதிவு. அதை ஆல்பக் கணக்கில் சேர்ப்பதில்லை.

முதலில் ராப் கலப்பு விஷயத்தை முடித்துவிடலாம். 1986-லேயே ரன் டிஎம்சி என்ற ராப் குழுவும் ஏரோஸ்மித் என்ற ராக் குழுவும் சேர்ந்து ஒரு ராக் பாட்டை ராப்பாக்கிப் பெரிய வெற்றி பெற்றுவிட்டார்கள். 1991-இல் ஆந்த்ராக்ஸ் என்ற மெட்டல் குழு, பப்ளிக் எனிமி என்ற ராப் குழுவோடு சேர்ந்து பாடியது. 1992-இல் ரேஜ் அகெய்ன்ஸ்ட் த மெஷின் தன் முதல் ஆல்பத்தை வெளியிட்டது; கனமான கிட்டார், முழுக்க முழுக்க ராப், அதுவும் அரசியல் ராப். கலப்புதான் இலக்கணம் என்றால் நூ மெட்டல் அப்போதே பிறந்திருக்க வேண்டும். ஆனால் ரேஜ் குழுவை நூ மெட்டல் என்று யாரும் முதல் வாயில் சொல்வதில்லை. ஆக வேறு ஏதோ ஒன்று 1994-இல் நடந்திருக்கிறது. அது இரண்டு இடங்களில் நடந்தது என்பது என் எண்ணம். ஒன்று, இசையின் கனம் எங்கே உட்கார்ந்திருக்கிறது என்பது மாறியது. இரண்டு, மைக் முன்னால் நிற்கிற ஆள் மாறினான்.

அதற்கு முந்தைய மெட்டல் எப்படி இருந்தது என்று தெரிந்தால்தான் இந்த மாற்றம் புரியும். எண்பதுகளின் மெட்டல் திறமையைக் காட்டும் இசை. எவ்வளவு வேகமாக வாசிக்கிறார், கிட்டார் சோலோ (தனி ஆவர்த்தனம் போல ஒருவர் மட்டும் முன்னால் வந்து வாசிப்பது) எவ்வளவு நீளம், பாடகர் எவ்வளவு உச்சம் தொடுகிறார் என்றுதான் ரசிகர்கள் பேசிக்கொள்வார்கள். பாட்டின் பொருள் போர், சாத்தான், மரணம், அல்லது விடிய விடியக் கொண்டாட்டம். உடை கறுப்புத் தோல், நீள முடி. 1991-இல் நிர்வாணா என்ற ராக் குழு வந்து இதில் பாதியைப் பழசாக்கிவிட்டது. 1994 ஏப்ரலில் நிர்வாணாவின் பாடகர் கர்ட் கோபேன் இறந்துபோனார். அடுத்த மாதம் கோர்ன் ஒலிப்பதிவில் இறங்கியது. இரண்டுக்கும் நேரடித் தொடர்பு எதுவும் இல்லை. ஆனால் ஒரு அலை முடியும் இடத்தில் அடுத்தது கிளம்பியது என்று பின்னாளில் எழுதுவதற்கு வசதியான தேதிகள்.

இவர்கள் பேக்கர்ஸ்ஃபீல்ட் ஊர்க்காரர்கள். லாஸ் ஏஞ்சலஸுக்கு வடக்கே, எண்ணெய்க் கிணறுகளும் வயல்களும் நிறைந்த வெயில் ஊர். இசையில் அந்த ஊருக்கு ஏற்கெனவே ஒரு பெயர் உண்டு, ஆனால் அது பக் ஓவன்ஸ், மெர்ல் ஹாகர்ட் போன்றவர்களின் கண்ட்ரி இசையால் வந்த பெயர். மங்கி என்கிற ஜேம்ஸ் ஷாஃபர் கிட்டார், ஃபீல்டி என்கிற ரெஜினால்ட் அர்விசு பேஸ் (அடி ஒலிக்கான தடித்த தந்திக் கிட்டார்), டேவிட் சில்வேரியா டிரம்ஸ். இந்த மூவரும் முன்பு எல்.ஏ.பி.டி. என்ற குழுவில் இருந்தவர்கள். அது எடுபடவில்லை. ஹெட் என்கிற பிரையன் வெல்ச் இரண்டாவது கிட்டாருக்கு வந்தார். பாடகர்தான் கிடைக்கவில்லை.

ஒரு நாள் ஊருக்குப் போயிருந்த மங்கியும் ஹெட்டும் ஒரு பாரில் உள்ளூர்க் குழு ஒன்றின் நிகழ்ச்சியிலிருந்து கிளம்பப் பார்த்தார்கள். அடுத்து மேடையேறிய குழுவின் பாடகர் குரல் அவர்களை நிறுத்தியது. அவர்தான் ஜொனாதன் டேவிஸ். பகலில் அவருக்கு வேலை, மாவட்டப் பிரேதப் பரிசோதனை அலுவலகத்தில். அப்பா இசைக்கலைஞர், சொந்தமாக ஒலிப்பதிவுக் கூடம் வைத்திருந்தவர். டேவிஸ் மெட்டல் கேட்டு வளர்ந்த ஆளே இல்லை; டுரான் டுரான் போன்ற எண்பதுகளின் பாப் குழுக்களின் தீவிர ரசிகர். புதுக் குழுவில் சேர்வதா வேண்டாமா என்று ஒரு குறி சொல்பவரிடம் கேட்டுவிட்டுத்தான் அவர் சேர்ந்தார் என்பது இவர்களைப் பற்றித் திரும்பத் திரும்பச் சொல்லப்படும் கதை.

இனி இசைக்கு வருவோம். இங்கே கொஞ்சம் நிதானமாகப் போகலாம், ஏனென்றால் நூ மெட்டலின் பாதி ரகசியம் தந்திகளில் இருக்கிறது.

சாதாரண எலக்ட்ரிக் கிட்டாருக்கு ஆறு தந்தி. அதில் மிகத் தடித்த தந்தி வினாடிக்கு ஏறத்தாழ 82 முறை அதிரும், அதாவது 82 ஹெர்ட்ஸ். 1990-இல் ஐபனெஸ் நிறுவனம், ஸ்டீவ் வாய் என்ற கிட்டார் மேதையோடு சேர்ந்து யுனிவர்ஸ் என்ற ஏழு தந்தி கிட்டாரைச் சந்தைக்குக் கொண்டுவந்தது. கூடுதல் தந்தி கீழ்ப் பக்கம், சுமார் 62 ஹெர்ட்ஸ். ஸ்டீவ் வாய் போன்ற வித்தகர்களுக்கு விரல் ஓட இன்னும் கொஞ்சம் இடம் கிடைக்கட்டும் என்பதுதான் அதன் நோக்கம். மங்கியும் ஹெட்டும் அந்தக் கிட்டாரை எடுத்துக்கொண்டு நோக்கத்தைத் தூக்கி எறிந்தார்கள். அவர்களுக்கு அந்த ஏழாவது தந்தி மட்டும்தான் வேண்டியிருந்தது. அதுவும் போதாமல் ஏழு தந்திகளையும் ஒரு கட்டை இறக்கினார்கள். நம் பாடகர்கள் ஒரு கட்டை, இரண்டு கட்டை என்று சுருதி சொல்வார்களே, அந்தக் கணக்கில் சரியாக ஒரு கட்டை. இப்போது கிட்டாரின் கீழ்த் தந்தி 55 ஹெர்ட்ஸ்.

55 ஹெர்ட்ஸ் என்பது வழக்கமான பேஸ் கிட்டாரின் மூன்றாவது தந்தி ஒலிக்கும் இடம். அதாவது கிட்டார், பேஸ் வாசிப்பவரின் வீட்டுக்குள்ளேயே குடிபுகுந்துவிட்டது. இதனால் தொடர்ச்சியாகச் சில மாற்றங்கள் நடந்தன. தந்தியை இறக்கினால் அது தளரும். தளர்ந்த தடித்த தந்தியில் வேகமாக விரல் ஓட்டினால் ஒலி கூழாகிவிடும். எனவே வேக வாசிப்புக்கு வழியில்லை. வாசிப்பு சின்னச் சின்ன வெட்டுகளாக, நடுவில் இடைவெளி விட்டு, தாளத்தோடு ஒட்டிக்கொண்டு நடக்க ஆரம்பித்தது. ரிஃப் என்பார்கள், திரும்பத் திரும்ப வரும் கிட்டார் வரி. கோர்னின் ரிஃப்களில் மெட்டு மிகக் குறைவு, அடி அதிகம். இந்த ஆல்பத்தில் கிட்டார் சோலோ என்று சொல்லத்தக்க எதுவும் இல்லை. 1994-இல் இரண்டு கிட்டார் வைத்திருக்கும் கனமான குழு ஒன்று பன்னிரண்டு பாட்டில் எங்குமே சோலோ வாசிக்கவில்லை என்றால் அது ஒரு அறிக்கை மாதிரி.

சரி, பேஸ் வாசிப்பவர் எங்கே போவார்? ஃபீல்டி ஐந்து தந்தி பேஸ் வாசித்தார். அவரும் ஒரு கட்டை இறக்கியதால் அவருடைய கீழ்த் தந்தி 27.5 ஹெர்ட்ஸ். மனிதக் காது கேட்கும் எல்லை 20 ஹெர்ட்ஸ் அளவில் தொடங்குகிறது. சின்ன ஸ்பீக்கர்களில் இந்த ஒலி எழும்பவே எழும்பாது, பெரிய ஸ்பீக்கரில் நெஞ்சில்தான் தெரியும். ஃபீல்டி அடி ஒலியையும் உச்ச ஒலியையும் வைத்துக்கொண்டு நடுப்பகுதியை வெட்டிவிட்டு, கட்டைவிரலால் தந்தியை அடித்து வாசித்தார். கேட்பவருக்கு முதலில் வந்து சேர்வது ஸ்வரம் கிடையாது, தந்தி உலோகக் கட்டையில் மோதும் 'டக் டக்' சத்தம். டிரம்ஸில் சில்வேரியாவின் ஸ்னேர் என்ற சின்ன டிரம் இறுக்கமாக, கூர்மையாக இருக்கும். இரண்டும் சேரும்போது எது தந்தி வாத்தியம், எது தாள வாத்தியம் என்று முதல் தடவை கேட்பவர்கள் குழம்புவது சகஜம்.

இங்கேதான் ஹிப் ஹாப், அதாவது ராப் பிறந்த இசை, உள்ளே வருகிறது. ராப் பாடும் குரல் வழியாக வரவில்லை, அடித்தளம் வழியாக வந்தது. இந்த ஐந்து பேரும் சைப்ரஸ் ஹில், டாக்டர் ட்ரே போன்றவர்களின் இசைத்தட்டுகளை ஓடவிட்டுக் கேட்டவர்கள். அந்த இசையில் அடி பேஸ் கார் கண்ணாடியை அதிரவைக்கும். மேலே எங்கோ சைரன் மாதிரி ஒரு மெல்லிய ஒலி சுற்றிக்கொண்டே இருக்கும். நடுவில் பெரும்பாலும் காலி. கோர்னின் இரண்டு கிட்டாரிஸ்டுகளும் இந்த அமைப்பைத்தான் கிட்டாரில் செய்ய முயன்றார்கள். ஒருவர் அடியில் இடிக்க, மற்றவர் மேலே நெளியும், ஒட்டாத, கொஞ்சம் பயமூட்டும் ஸ்வரங்களை வாசிப்பார். ஹிப் ஹாப் தயாரிப்பாளர் இயந்திரத்தில் வெட்டி ஒட்டும் ஒலித்துண்டு போலவே தங்கள் கிட்டார் இருக்க வேண்டும் என்று விரும்பியதாக அவர்களே பேசியிருக்கிறார்கள். அந்த ஒட்டாத ஸ்வரங்களுக்கு இன்னொரு தாய்வீடும் உண்டு: மைக் பாட்டன் பாடிய மிஸ்டர் பங்கிள், ஃபெய்த் நோ மோர் ஆகிய குழுக்கள். கோர்ன் இந்தக் கடனை மறைத்ததே இல்லை.

இதையெல்லாம் ஒரே பாட்டில் கேட்க வேண்டுமென்றால் ஆல்பத்தின் முதல் பாட்டு பிளைண்ட் போதும். தொடக்கத்தில் சிம்பல் தட்டு மட்டும், அவசரமில்லாமல். பிறகு ஒரு பக்கக் காதில் ஒரு கிட்டார், கொஞ்சம் தள்ளி மறுபக்கக் காதில் இன்னொன்று. ஹெட்ஃபோனில் கேட்டால் இது தெளிவாகத் தெரியும். பேஸ் நுழைகிறது. இசை ஏறுகிறது, ஏறுகிறது, ஆனால் உடையவில்லை. ஒரு நொடி வெற்றிடம். டேவிஸ் கேட்பவரைப் பார்த்துத் தயாரா என்று ஒரே ஒரு கேள்வி கேட்கிறார், மொத்த எடையும் ஒரே சமயத்தில் கீழே விழுகிறது. இந்த 'காத்திருக்கவைத்து இறக்குவது' என்ற உத்தியைத்தான் அடுத்த பத்து வருடம் நூற்றுக்கணக்கான குழுக்கள் பிரதியெடுத்தன. இந்தப் பாட்டின் விதை டேவிஸின் பழைய குழுவான செக்ஸ்ஆர்ட்டில் இருந்தது, அங்கிருந்து எடுத்துவந்து வளர்த்தார்கள். 1999 ஜூலையில் நியூயார்க் மாநிலத்தில் நடந்த வுட்ஸ்டாக் விழாவில் கோர்ன் இந்தப் பாட்டோடுதான் மேடையேறியது. அந்தக் காணொளியைத் தேடிப் பாருங்கள், அந்தக் கேள்வி வந்தவுடன் கண்ணுக்கெட்டிய தூரம்வரை மொத்தக் கூட்டமும் ஒரே நேரத்தில் குதிப்பது தெரியும்.

இனி இரண்டாவது மாற்றம், மைக் முன்னால் நிற்கும் ஆள். என் கணக்கில் இதுதான் பெரியது.

மெட்டல் பாடகர் என்றால் வெற்றி பெற்றவர், மிரட்டுபவர், அல்லது குறைந்தபட்சம் கோபக்காரர். டேவிஸ் இந்த ஆல்பத்தில் அடி வாங்கியவராகப் பாடுகிறார். பள்ளியில் மை தீட்டிக்கொண்டு, பாப் இசை கேட்டுக்கொண்டு திரிந்ததற்காகத் தன் மீது எறியப்பட்ட வசைச்சொல்லையே ஒரு பாட்டுக்குத் தலைப்பாக வைத்திருக்கிறார். அந்தச் சொல் இன்றும் காது கூசவைப்பது. ஆனால் பாட்டில் அது எறிபவரின் வாயில் இல்லை, வாங்கியவரின் வாயில் இருக்கிறது. கிளவுன் என்ற பாட்டு, நிகழ்ச்சி ஒன்றில் தன்னை அவமதித்து அடிக்க வந்த ஒருவனைப் பற்றியது. ஹெல்மெட் இன் த புஷ் போதைப் பழக்கத்தின் பிடியில் இருப்பவனின் பயம். எதிலும் உவமை அலங்காரம் கிடையாது. வரிகளைத் தாளில் படித்தால் ஒரு பதினைந்து வயதுப் பையனின் நோட்டுப் புத்தகம் போலத்தான் இருக்கும். சிலர் இதைக் குறையாகச் சொல்வார்கள். என்னைக் கேட்டால், இந்த இசைக்கு அந்த மொழிதான் பொருந்தும். அவமானத்தை அழகாகச் சொல்லிவிட்டால் அது பாதி ஆறிவிடுகிறது.

சொல்லும் ஒரு கட்டத்தில் கைவிட்டுவிடும். அப்போது டேவிஸ் பொருளே இல்லாத அசைகளுக்குத் தாவுவார். ஜாஸ் இசையில் ஸ்காட் என்று ஒரு முறை உண்டு, சொல்லில்லாமல் வாயாலேயே வாத்தியம் வாசிப்பது. அங்கே அது குதூகலம். இங்கே பால் டங் என்ற பாட்டில் வருவதைக் கேளுங்கள், பேச வராமல் நாக்கு முறுக்கிக்கொண்டு கத்துவது போல இருக்கும். கிசுகிசுப்பு, விசும்பல், உறுமல், அசை மழை என்று ஒரே பாட்டுக்குள் நான்கு குரல் மாறுவார். மூச்சு வாங்கும் ஒலியைக்கூட வெட்டாமல் விட்டிருக்கிறார்கள்.

ஷூட்ஸ் அண்ட் லேடர்ஸ் என்ற பாட்டில் வினோதமாக ஒரு பேக்பைப் ஒலிக்கும். ஸ்காட்லாந்துக்காரர்கள் கக்கத்தில் பையை இடுக்கிக்கொண்டு ஊதுவார்களே, அதேதான். ஊதுவதும் டேவிஸ்தான், பள்ளிக் காலத்தில் கற்றது. அதைத் தொடர்ந்து வருகிற பாட்டின் வரிகள் ஏறத்தாழ முழுவதும் ஆங்கிலக் குழந்தைப் பாடல்கள்: லண்டன் பாலம் விழுகிறது, கறுப்பு ஆட்டுக்குட்டி, இன்னும் சில. குழந்தைகளுக்குச் சிரித்துக்கொண்டே சொல்லித்தரும் பாட்டுகளுக்குள் சாவும் கொடுமையும் ஒளிந்திருக்கின்றன என்பது டேவிஸின் எண்ணம். வட்டமாகக் கைகோத்து ஆடும் பாட்டு பிளேக் நோயைக் குறிக்கிறது என்ற பிரபலமான விளக்கத்தை நாட்டார் வழக்காற்று ஆய்வாளர்கள் ஏற்பதில்லை. ஆனால் பாட்டுக்கு அது தேவையும் இல்லை. பாலர் பள்ளி வரிகளை அந்தக் குரலில், அந்தக் கனத்தின் மேல் கேட்கும்போது உண்டாகும் நெருடலே போதுமானது. இந்தப் பாட்டுதான் 1997 கிராமி விருதில் சிறந்த மெட்டல் பிரிவுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. விருது ரேஜ் அகெய்ன்ஸ்ட் த மெஷினுக்குப் போனது.

இப்படியொரு பதிவு எப்படிச் சாத்தியமானது என்பதற்கு ராஸ் ராபின்சன் என்ற தயாரிப்பாளரைப் பற்றிச் சொல்லாமல் முடியாது. முன்பு திராஷ் என்ற அதிவேக மெட்டல் வகையில் கிட்டாரிஸ்ட். இந்த ஆல்பத்தை எடுத்தபோது அவருக்கும் பெரிய பெயர் கிடையாது. பதிவு நடந்தது மாலிபு மலையில் இருந்த இண்டிகோ ராஞ்ச் என்ற ஸ்டுடியோவில். பழைய கருவிகள் குவிந்து கிடக்கும் இடம், ஊரை விட்டு ஒதுக்குப்புறம். ராபின்சனுக்குச் சுத்தமான ஒலியில் அக்கறை இல்லை. குழு ஒன்றாக நின்று வாசிக்க வேண்டும், பிசிறு இருந்தால் இருக்கட்டும் என்பார். பாடகரை அவர் பாடும் விஷயத்துக்குள்ளேயே தள்ளிவிடுவது அவருடைய வழி. மனசுக்குள் எதைப் பூட்டி வைத்திருக்கிறாரோ அதைத் தொட்டுக் கிளறி, அந்த நிலையிலேயே பாடவைப்பார். இது கலையா, வதையா என்ற விவாதம் இன்றும் உண்டு.

அந்த விவாதம் எப்போதும் வந்து நிற்கும் இடம், ஆல்பத்தின் கடைசிப் பாட்டு டாடி. சிறு வயதில் வீட்டுக்குத் தெரிந்த ஒருவரால் தான் பாலியல் கொடுமைக்கு ஆளானதையும், அதைச் சொன்னபோது பெற்றோர் நம்பவில்லை என்பதையும் டேவிஸ் இதில் பாடுகிறார். தலைப்பைப் பார்த்துப் பலர் அப்பாவைக் குற்றவாளி என்று நினைத்துவிட்டார்கள். அப்படி இல்லை என்று அவரே பிறகு விளக்கினார். பாடிக்கொண்டிருக்கும்போதே உடைந்து அழ ஆரம்பித்துவிடுகிறார். ராபின்சன் டேப்பை நிறுத்தவில்லை. குழுவும் வாசிப்பதை நிறுத்தவில்லை. அந்த அழுகை அப்படியே ஆல்பத்தில் இருக்கிறது, நிமிடக் கணக்கில். ஆல்பத்தின் இருபதாம் ஆண்டை ஒட்டி 2015-இல் முழு ஆல்பத்தையும் மேடையில் வாசித்தபோது இதையும் பாடினார்கள். அதற்கு முன் நீண்ட காலம் மேடைக்கு எடுத்துவராமலேயே வைத்திருந்தார்கள். தொழில்முறைக் கண்ணோட்டத்தில் பார்த்தால் அந்தப் பதிவை வெளியிட்டிருக்கவே கூடாது என்று வாதிடலாம். ஆனால் இந்த ஆல்பம் ஆயிரக்கணக்கான இளைஞர்களிடம் ஒட்டிக்கொண்டதற்குக் காரணம் ஏழு தந்திக் கிட்டார் என்று சொன்னால் அது பாதி உண்மைதான். மீதி உண்மை இந்தக் கடைசிப் பாட்டில் இருக்கிறது.

அட்டைப்படமும் இதே பேச்சைத்தான் பேசுகிறது. மண்டை ஓடு இல்லை, பேய் இல்லை. ஊஞ்சலில் உட்கார்ந்து கண்ணுக்கு நேரே வெயிலைக் கையால் மறைத்தபடி நிமிர்ந்து பார்க்கிறாள் ஒரு சிறுமி. அவள் முன்னால் தரையில் ஒரு ஆணின் நிழல் நீண்டு விழுந்திருக்கிறது. குழுவின் பெயரைக் குழந்தை கிரேயானில் கிறுக்கியது போல, ஒரு எழுத்தை இடவலமாகத் திருப்பி டேவிஸ் வரைந்திருக்கிறார். உடையும் மாறியது. தோல் ஜாக்கெட்டுக்குப் பதில் அடிடாஸ் டிராக் சூட், தொளதொள பேண்ட், சடைமுடி. பக்கத்துத் தெருவில் ஸ்கேட்போர்டு ஓட்டும் பையன்கள் மாதிரி இருந்தார்கள். மெட்டல் ரசிகர்களில் ஒரு சாராருக்கு இசையைவிட இந்த உடைதான் அதிக எரிச்சல் மூட்டியது என்று எனக்கு ஒரு சந்தேகம்.

வெளிவந்த உடனே யாரும் கொண்டாடவில்லை. வானொலி கண்டுகொள்ளவில்லை. கிடைத்த மேடையில் எல்லாம் முதல் ஆளாக ஏறி வாசித்து ஊர் ஊராகப் போனார்கள். டான்சிக், மெகாடெத், ஆஸி ஆஸ்போர்ன் என்று பெரிய பெயர்களுக்கு முன்னால். அமெரிக்காவின் பில்போர்டு ஆல்பப் பட்டியலில் இந்த ஆல்பம் அதிகபட்சமாகத் தொட்டது 72-ஆம் இடம், அதுவும் 1996-இல். ஆனால் விற்பனை நிற்காமல் ஊர்ந்துகொண்டே இருந்தது. 1999-இல் அமெரிக்காவில் இருபது லட்சம் பிரதிகளுக்கான இரட்டை பிளாட்டினச் சான்றிதழ் கிடைத்தது. அதற்குள் குழுவின் மூன்றாவது ஆல்பம் பட்டியலில் முதலிடம் பிடித்து முடித்திருந்தது. ராபின்சனின் கதவை மற்றவர்களும் தட்டினார்கள்: செபுல்டுராவின் ரூட்ஸ், லிம்ப் பிஸ்கிட்டின் முதல் ஆல்பம், ஸ்லிப்நாட்டின் முதல் ஆல்பம் எல்லாம் அவர் கைவண்ணம். ஏழு தந்திக் கிட்டாரும் பரவியது. 2001-இல் ஐபனெஸ் மங்கி, ஹெட் இருவருக்காகவும் தனி மாடலே வெளியிட்டது.

இந்த வெற்றியின் பின்பாதிதான் நூ மெட்டலுக்குக் கெட்ட பெயர் வாங்கித் தந்தது. அடி வாங்கியவனின் குரல் எடுபடுகிறது என்று தெரிந்ததும் அடி வாங்காதவர்களும் அதே குரலில் கத்த ஆரம்பித்தார்கள். வலி போய் வெறும் முறுக்கு மட்டும் மிஞ்சியது. இரண்டாயிரத்தின் தொடக்கத்தில் நூ மெட்டல் என்பதே கேலிச் சொல்லாகிவிட்டது. கோர்ன் குழுவினரும் அந்தப் பெயரை விரும்பி ஏற்றுக்கொண்டவர்கள் கிடையாது.

ஆல்பத்திலும் குறை இல்லாமல் இல்லை. நீளம் அதிகம். பிரெடிக்டபிள், ஃபேக், லைஸ் என்று பின்பாதியில் வரும் பாட்டுகளை மாற்றி மாற்றிப் போட்டால் எது எது என்று சொல்வதற்கு எனக்கே ஒரு நொடி ஆகும். ஒரே வேகம், ஒரே உறுமல். பத்துப் பாட்டோடு நிறுத்தியிருந்தால் இன்னும் கூர்மையாக இருந்திருக்கும்.

புதிதாகக் கேட்பவர்கள் எங்கிருந்து தொடங்கலாம்? முதலில் ஒரு நல்ல ஹெட்ஃபோனை எடுத்துக்கொள்ளுங்கள்; போன் ஸ்பீக்கரில் கேட்டால் பேஸ் முழுக்கக் காணாமல் போய், எரிச்சலூட்டும் டக் டக் மட்டும்தான் மிஞ்சும். பிளைண்ட்டில் ஆரம்பித்து, அடுத்து ஷூட்ஸ் அண்ட் லேடர்ஸ், பிறகு கிளவுன். கிளவுன் தொடக்கத்தில் குழுவினர் ஸ்டுடியோவில் வம்பளந்துகொண்டு டேவிஸை வெறுப்பேற்றும் பேச்சு அப்படியே பதிவாகியிருக்கிறது, அதைத் தாண்ட வேண்டாம். முதல் தடவை டிரம்ஸையும் பேஸையும் மட்டும் காதில் பிடியுங்கள், இரண்டாம் தடவை மேலே நெளியும் கிட்டாரை. இவை பிடித்தால் ஆல்பத்தை முதலிலிருந்து வரிசையாகக் கேளுங்கள். டாடியை மட்டும் மனநிலை பார்த்துக் கேளுங்கள். சிறு வயதில் அப்படிப்பட்ட அனுபவம் உள்ளவர்கள் அதைத் தவிர்த்துவிட்டால் ஆல்பம் புரியாமல் போய்விடாது. டாடி முடிந்து சில நிமிட மௌனத்துக்குப் பிறகு, யாரோ ஒரு தம்பதி கார் பாகம் ஒன்றைப் பற்றிப் போட்ட சண்டையின் ஒலிப்பதிவு ஒளிந்திருக்கும். அது ஏன் அங்கே இருக்கிறது என்று யோசித்து மண்டையை உடைத்துக்கொள்ள வேண்டாம், குழுவின் குறும்பு.

அப்புறம் இதன் பிள்ளைகளைத் தேடிப் போகலாம். 1995-இல் வந்த டெஃப்டோன்ஸின் அட்ரினலின் இதே காலத்து உடன்பிறப்பு, ஆனால் கனவு கலந்தது. 1996-இன் ரூட்ஸில் பிரேசில் தாளம் சேர்ந்துகொள்ளும். அதன் பிறகு 2000 அக்டோபரில் வெளிவந்த லிங்கின் பார்க்கின் ஹைப்ரிட் தியரிக்குத் திரும்புங்கள். அதில் டிஜேயும் ராப்பும் முன்னால் நிற்கும். அதன் பாடகர் செஸ்டர் பென்னிங்டன் வாய் திறக்கும்போது மட்டும் பேக்கர்ஸ்ஃபீல்டிலிருந்து எது வந்தது என்று தனியாகக் கேட்கும்.